குடுத்த ஊடு

எங்கள் ஊரில் கலியாணம் முடிந்தால் வீட்டை விட்டுப் போகிறவன் மாப்பிள்ளைதான். பெண் போகமாட்டாள். பெண்ணின் பேருக்கு ஒரு வீடு எழுதுவார்கள், மாப்பிள்ளை அந்த வீட்டுக்கு வந்து சேருவான். அதுவரை அங்கே இருந்த உம்மாவும் வாப்பாவும் சட்டி பானைகளைத் தூக்கிக்கொண்டு பின்பக்கம் நகருவார்கள். இரண்டாவது மகளுக்கு இன்னொரு வீடு, மூன்றாவது மகளுக்கு இன்னொன்று. மகள்மார் கூடக் கூட, பெற்றவர்கள் வளவின் மூலைக்குப் போய்க்கொண்டே இருப்பார்கள். அப்படிக் கொடுத்த வீட்டைக் குடுத்த ஊடு என்று சொல்லுவோம். குடுத்த ஊட்டில் குடுத்தவருக்கு உரிமைப் பேச்சு இல்லை.

நான் ஆண்பிள்ளை. ஆகையால் சாய்ந்தமருதில் பிறந்து மருதமுனையில் மனைவியின் வீட்டில் குடியேறினேன். தொண்ணூறுகளில் கல்முனையில் ஒரு பாடசாலையில் உயர்தர வகுப்புக்கு அளவையியலும் விஞ்ஞான முறையும் என்ற பாடத்தைப் படிப்பித்தேன். பேரைக் கேட்டால் ஏதோ பெரிய பாடம் போலத் தெரியும். கலைப்பிரிவில் வேறு எதுவும் சரிவராத பிள்ளைகள் கடைசியில் வந்து சேருகிற பாடம் அது. எனக்கு அது உயிர். பிள்ளைகளுக்கு அது தூக்கம்.

அதில் ஓர் அத்தியாயம், விஞ்ஞானங்கள் மெய்யியலிலிருந்து எப்படிப் பிரிந்தன என்பது. புத்தகத்தில் ஒரு மரத்தைப் போட்டு, அடிமரம் மெய்யியல், கிளைகள் விஞ்ஞானங்கள் என்று எழுதியிருந்தார்கள். முதல் வருடம் அந்த மரத்தைக் கரும்பலகையில் வரைந்துவிட்டுத் திரும்பினால் பாதி வகுப்பு கொட்டாவி விட்டுக்கொண்டிருந்தது. எனக்குக் கோபம் வந்துவிட்டது. மரத்தை அழித்துவிட்டு, மெய்யியலை ஒரு உம்மா என்று வைத்துக்கொள்ளுங்கள் என்றேன்.

அந்த உம்மாவுக்கு ஆதியில் ஒரே ஒரு பெரிய வீடு. கிரேக்கத்தில் நட்சத்திரம் பார்த்தவரும், மீனை அறுத்துக் குடலைப் பார்த்தவரும், நீதி என்றால் என்ன என்று கேட்டவரும் அந்த ஒரு கூரையின் கீழ்தான் இருந்தார்கள். பல நேரம் மூன்று வேலையையும் ஒரே ஆள்தான் செய்தார். பிறகு பக்தாதிலும் அப்படித்தான். காலையில் நோயாளியின் நாடி பார்த்தவர் பின்னேரம் உட்கார்ந்து ஆன்மாவைப் பற்றி எழுதினார். அவரை ஹக்கீம் என்றார்கள். வைத்தியம் வேறு, ஞானம் வேறு என்று அன்றைக்கு யாரும் பிரித்துப் பார்க்கவில்லை. அதற்குப் பிறகுதான் மகள்மார் வளரத் தொடங்கினார்கள். வானியல் கையில் தொலைநோக்கியோடு முதலில் வீடு வாங்கினாள். அடுத்தது பௌதிகவியல். அவள் கனகாலம் இயற்கை மெய்யியல் என்று உம்மாவின் பேரிலேயே இருந்தவள்தான். பிறகு இரசாயனம், பிறகு உயிரியல். கடைசிச் செல்லம் உளவியல், அவள் நேற்றுத்தான் போனாள். ஒவ்வொருத்தியும் தன் பங்கை எடுத்துக்கொண்டு கதவைச் சாத்தினாள். உம்மா பின்னுக்குப் பின்னுக்குப் போனாள்.

வகுப்பு விழித்துக்கொண்டது. இந்தக் கதைக்கு அந்தப் பிள்ளைகளிடம் விளக்கம் தேவைப்படவில்லை, எல்லாருடைய வளவிலும் நடந்த கதைதான். முன்வாங்கில் இருந்த ஒரு பிள்ளை எழும்பி, "சேர், அப்ப அந்த உம்மா இப்ப எங்க இரிக்கா?" என்று கேட்டாள்.

குசினிக்குள்ளதான் இருக்கிறா, யாருக்கும் வேண்டாத பெரிய கேள்விகளை அடுப்பில் வைத்து ஊதிக்கொண்டிருக்கிறா என்றேன். வகுப்பே சிரித்தது. அன்று முழுக்க எனக்குத் தலைகால் புரியவில்லை. ஒரு நல்ல உதாரணம் பிடித்துவிட்ட வாத்தியாரைப் போல சந்தோசமானவன் உலகத்தில் இல்லை.

அந்த உதாரணத்தை நான் எந்தப் புத்தகத்திலிருந்தும் எடுக்கவில்லை. என் உம்மாவுக்கு மூன்று மகள்மார். எனக்கு மூத்தவர்கள் இரண்டு ராத்தாமார், எனக்குக் கீழே, என்னைக் காக்கா என்று கூப்பிடுகிற ஒரு தங்கச்சி. வாப்பா நான் படித்துக்கொண்டிருக்கும்போதே மௌத்தாகி எங்களை விட்டுப் போய்விட்டார். பெரிய ராத்தாவுக்கு உம்மா தன் சொந்த ஓட்டு வீட்டைக் கொடுத்தா. சின்ன ராத்தாவுக்குப் பக்கத்திலேயே ஒன்றைக் கட்டிக் கொடுத்தா. தங்கச்சிக்கு என்று வந்தபோது கையில் மிஞ்சியிருந்தது வட்டையில் கிடந்த வயல் மட்டும்தான். அதையும் விற்று, தங்கச்சியை டொக்டருக்குப் படிக்கவைத்து, வளவின் வடக்குப் பக்கத்தில் மூன்றாவது வீட்டுக்கும் அத்திவாரம் போட்டா. தான் பழைய வீட்டின் பின்னால் தனியாக நின்ற குசினிக்குள் ஒரு கட்டிலைப் போட்டுக்கொண்டா.

எனக்கும் தங்கச்சிக்கும் சின்ன வயசிலிருந்தே பாடச் சண்டை. அவள் விஞ்ஞானம், நான் கலை. என்னுடைய பாடத்தை அவள் காத்துப் பாடம் என்பாள், கையில் பிடிக்க ஒன்றும் இல்லையாம். உன்னுடைய பாடத்தைப் பெற்றதே என்னுடைய பாடம்தான், மரியாதையாகக் கதை என்பேன் நான். புது வீட்டுச் சுவர் இடுப்பளவு எழும்பியிருந்தபோது அவள் விடுமுறையில் வந்திருந்தாள். இரண்டு பேரும் சுவரில் ஏறி இருந்துகொண்டு வழக்கம்போலத் தொடங்கினோம். கிரேக்கத்துப் பெரியவர் ஒருவர் ஏன் என்ற கேள்வியை நாலாகப் பிரித்திருந்தார், நான் அதை அந்த வீட்டையே வைத்து விளக்கினேன். எதனால் ஆனது? கல்லும் சீமெந்தும். எந்த அமைப்பில்? மேசன் கையில் வைத்திருக்கிற பிளான். யார் செய்தது? மேசன். நாலாவது, என்னத்துக்கு?

அந்த நாலாவதை நாங்கள் எப்போதோ விட்டுவிட்டோம் என்றாள் தங்கச்சி. மழை எப்படிப் பெய்கிறது என்று கேட்போம், என்னத்துக்குப் பெய்கிறது என்று கேட்கமாட்டோம், அதைக் கேட்காமல் விட்ட பிறகுதான் விஞ்ஞானம் உருப்பட்டது, வேண்டுமென்றால் அந்தக் கேள்வியை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள் காக்கா என்றாள். அவள் சொன்னது சரிதான். இன்றைக்குக் கேட்டாலும் சரி என்றுதான் சொல்லுவேன். நான் விட்டுக்கொடுக்காமல் வேறு ஏதோ சொல்லிச் சமாளித்தேன்.

உம்மா சுவருக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டு நின்றா. எங்கள் பேச்சில் என்ன விளங்கியதோ தெரியாது. வாளியைக் கீழே வைத்துவிட்டு, "என்னத்துக்கு எண்டு என்ன கேள்வி? என்ட மகள் வந்து இரிக்கிறதுக்கு" என்றா.

வீடு முடிந்தது, கலியாணமும் முடிந்தது. மாப்பிள்ளையும் டொக்டர். அவர்கள் அந்த வீட்டில் இருந்தது கொஞ்சக் காலம்தான். கொழும்பில் வேலை கிடைத்தது, பிறகு மேற்படிப்புக்கு இரண்டு பேரும் இங்கிலாந்துக்குப் போனார்கள். வளவிலேயே பெரிய வீடு, மாபிள் தரை போட்ட வீடு, பூட்டிக் கிடந்தது. சாவி உம்மாவின் முந்தானை முடிச்சில்.

வெள்ளிக்கிழமைகளில் ஜும்மா முடிந்து ஆண்கள் வீடு திரும்புகிற நேரம் உம்மா அந்த வீட்டைத் திறப்பா. கூட்டுவா, சன்னல்களைத் திறந்து காற்று விடுவா, மகளின் கட்டில் விரிப்பைத் தட்டிப் போடுவா. பின்னேரம் அஸர் தொழுகைக்கு முன்னர் பூட்டிவிட்டுத் தன் குசினிக்குப் போய்விடுவா. அந்தக் குசினி ஓட்டில் ஒழுக்கு. நான் ஏறி எத்தனை தரம் ஓடு மாற்றினாலும் அடுத்த மாரிக்கு வேறு இடத்தில் ஒழுகும். தரை மண் தரை, அதில் ஈரம் ஊறும். உம்மாவுக்கு இழுப்பு வருத்தம் வேறு. மழை தொடங்கினால் அவவுடைய மூச்சுச் சத்தம் தெருக் கடப்படி வரைக்கும் கேட்கும்.

ராத்தாமார் கூப்பிடாமல் இல்லை. மற்ற உம்மாமார் மகள்மாரோடு ஒரே கூரையின் கீழ் இருக்கத்தான் செய்தார்கள், ஊர் ஒன்றும் குறை சொல்லவில்லை. என் உம்மாவுக்கு மட்டும் தனிச் சட்டம். மருமகன் இருக்கிற வீட்டில் மாமி இருமிக்கொண்டு படுத்தால் அவருக்கு அரியண்டம் என்பா. சரி, மூன்றாவது வீட்டில் மருமகனும் இல்லை, மகளும் இல்லை, அங்கே போய்ப் படுங்கள் என்றால், சொந்தக்காரி இல்லாத வீட்டில் எப்படிப் படுக்கிறது என்பா. இருந்தாலும் குற்றம், இல்லாவிட்டாலும் குற்றம். எனக்கு விசர் பிடிக்கும்.

ஒரு நாள் பள்ளிக்கூடம் விட்டு சைக்கிளில் நேராக அவவிடம் போனேன். இரண்டு கூற்றிலிருந்து ஒரு முடிவெடுக்கிற நியாயத்தொடையை அன்றைக்கு வகுப்பில் படிப்பித்த வேகம் எனக்கு. குசினி வாசலில் குந்திக்கொண்டு அவவுக்கும் அதைப் படிப்பித்தேன். வீடு யாருடையது? மகளுடையது. மகள் சம்மதம் சொன்னால் அங்கே யாரும் படுக்கலாம், சரியா? மகள் சம்மதம் சொல்லிவிட்டாள். ஆகவே நீங்கள் படுக்கலாம். உம்மா வெற்றிலையை மென்றுகொண்டு கடைசி வரைக்கும் கேட்டா. கேட்டுவிட்டு, "நீ சொல்லுறதுல பிழ இல்ல மகன். ஆனா குடுத்தது குடுத்ததுதான். அவ வந்து, தன்ட ஊட்டு வாசல்ல நிண்டு, உம்மா வாங்க எண்டு கூப்புடட்டும். நான் போறன்" என்றா.

சம்மதத்தை நான் சும்மா சொல்லவில்லை. கல்முனையில் வெளிநாட்டுக்குத் தொலைபேசி எடுக்கிற கொமினிகேஷன் கடைக்கு உம்மாவைக் கூட்டிக்கொண்டு போய், கண்ணாடிப் பெட்டிக்குள் நிற்கவைத்து, இங்கிலாந்துக்கு எடுத்துக் கொடுத்திருந்தேன். என்ட ஊட்டுல போய்ப் படுங்க உம்மா, ஈரத்தில் கிடந்தால் நெஞ்சு பழுதாகிப்போகும் என்று தங்கச்சி அங்கிருந்து கத்தியது வெளியில் நின்ற எனக்கே கேட்டது. உம்மா எல்லாவற்றுக்கும் ஓம் மகள், ஓம் மகள் என்றா. பெட்டியை விட்டு வெளியே வந்ததும், பாவம், புள்ளைக்குக் குளிராம் என்றா.

தங்கச்சி சும்மா இருக்கவில்லை. ஊருக்கு வருகிற ஆட்களிடம் மருந்து அனுப்பினாள், வாயில் வைத்து உறிஞ்சுகிற பம்பு அனுப்பினாள், எப்படிப் பாவிக்க வேண்டும் என்று எனக்குத் தொலைபேசியில் பாடம் எடுத்தாள். உம்மா அந்த விசயத்தில் நல்ல மாணவி, சொன்ன நேரத்துக்குச் சொன்னபடி இழுத்தா. என்ட மகள் அனுப்பின மருந்து என்று அக்கம்பக்கத்துக்கெல்லாம் பம்பைக் காட்டினா. மருந்தில் அவவுக்கு முழு நம்பிக்கை. இடத்தை மட்டும் மாற்றமாட்டா. தங்கச்சிக்கு அந்த வருடம் கடைசிச் சோதனை, அதை எழுதிவிட்டு ஓடி வருகிறேன் என்றாள். மாரிக்கு முன்னர் வந்துவிடுவாள் என்றுதான் எல்லாரும் நம்பினோம்.

மாரி முந்திக்கொண்டது. அந்த முறை வானம் பொத்துக்கொண்டு ஊற்றியது. வயல் பக்கம் தண்ணீர் மேவி, வளவுக்குள்ளும் கணுக்கால் மட்டும் வந்துவிட்டது. மருதமுனையிலிருந்து சைக்கிளை உருட்டிக்கொண்டு, சோதனைச் சாவடிகளில் நின்று நின்று நான் போய்ச் சேர்ந்தபோது, உம்மா கட்டில் கால்களுக்குக் கீழே கல் வைத்து உயர்த்தி அதன் மேல் ஏறி இருந்தா. மூன்றாவது வீடு கட்டி மிஞ்சிய கற்கள் அவை. அந்த வீடோ உயரமான அத்திவாரத்தில், ஒரு சொட்டு உள்ளே போகாமல், பத்தடி தள்ளி நின்றது.

சாவியைத் தாருங்கள் என்று கத்தினேன். முந்தானையை இறுக்கிப் பிடித்துக்கொண்டா. கத்தினால் அவவுக்கு மூச்சு வாங்கியது, மூச்சு வாங்கினால் எனக்குக் கத்த ஏலாமல் போனது. பெரிய ராத்தா அழுதுகொண்டு நின்றா. கடைசியில் கட்டாயப்படுத்திப் பெரிய ராத்தாவின் விறாந்தைக்குக் கொண்டுபோய்ப் படுக்கவைத்தோம். இரண்டு நாளில் காய்ச்சல் நெருப்பாய்க் கொதித்தது. ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே படம் எடுத்துப் பார்த்தார்கள், நெஞ்சில் இரண்டு பக்கமும் சளி பிடித்துவிட்டது என்றார்கள். தங்கச்சிக்குச் சொன்னோம். சோதனையை விட்டுவிட்டுப் புறப்பட்டாள்.

கொழும்பிலிருந்து வாடகைக்கு வான் பிடித்து வந்து ஒரு காலை நேரத்தில் நேராக வார்ட்டுக்குள் நுழைந்தாள். முதலில் உம்மாவைப் பார்க்கவில்லை. படத்தை வாங்கி சன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். என்ன ஊசி, எவ்வளவு, எத்தனை மணிக்கு என்று ஒவ்வொன்றாகக் கேட்டாள். எல்லாம் சரியாகத்தான் செய்திருக்கிறார்கள் என்று என்னிடம் சொன்னாள். அப்போது அவள் முகத்தைப் பார்த்தேன். படம் சொன்னது அவளுக்கு விளங்கிவிட்டது என்று எனக்கு விளங்கிவிட்டது.

பிறகு கட்டிலில் உட்கார்ந்து உம்மாவின் கையைப் பிடித்தாள். உம்மா கண்ணைத் திறந்து அவளைக் கனநேரம் பார்த்தா. சாப்பிட்டாயா என்று கேட்டா. ஊட்டைத் திறந்தாயா என்று கேட்டா. இன்னும் இல்லை, நேராக இங்கேதான் வந்தேன் என்றாள் தங்கச்சி.

"உம்மா, என்ட ஊட்டுக்கு வாங்க. நான் வந்துட்டன்தானே. வாங்க உம்மா."

"ஓம் மகள். வாறன்."

அவ்வளவு லேசாகச் சொல்லிவிட்டா. நானும் ராத்தாமாரும் தலைகீழாக நின்று கேட்டும் அசையாதவ. சுகமானதும் நேராக அங்கேதான் கொண்டுபோவது என்று அந்தக் கட்டிலடியிலேயே கதைத்துக்கொண்டோம். எந்த அறை, கட்டிலை எந்தப் பக்கம் போடுவது என்றுகூடக் கதைத்தோம். உம்மா கேட்டுக்கொண்டு கிடந்தா. அன்று அஸருக்குப் பாங்கு சொல்லும்போது மௌத்தாகிவிட்டா.

ஜனாஸாவை மூன்றாவது வீட்டுக்குத்தான் கொண்டுபோனோம். முந்தானை முடிச்சை அவிழ்த்துச் சாவியை எடுத்துக் கதவைத் திறந்தவள் தங்கச்சி. உள்ளே எல்லாம் துப்புரவாக இருந்தது. கூடத்தின் நடுவில், மாபிள் தரையில் பாய் விரித்து உம்மாவைக் கிடத்தினோம். அந்த வீட்டுக் கூரையின் கீழ் அவ படுத்தது அதுதான் முதல் முறை. மழை பெய்துகொண்டே இருந்தது, ஓர் ஓட்டிலும் ஒழுக்கு இல்லை. நான் வெளியில் போய்ச் சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதேன்.

அடக்கம் முடிந்த மறுநாள், வந்தவர்கள் போய் வீடு கொஞ்சம் அடங்கிய நேரம், தங்கச்சி பின்பக்கமிருந்து என்னைக் கூப்பிட்டாள். அவளுடைய வீட்டுக் குசினி அது, பெரிய குசினி, துக்க வீடு என்பதால் அடுப்பு இன்னும் மூட்டப்படவில்லை. அதன் மூலையில் சுவரோடு ஒரு புதுப் பாய் சுருட்டி வைத்திருந்தது. பக்கத்தில் உறை போட்ட தலையணை, தண்ணீர்ச் செம்பு, வெற்றிலைத் தட்டம். எல்லாம் புதுசு. பெரிய ராத்தா எட்டிப் பார்த்துவிட்டு, மகள் வந்தால் எனக்கு இடம் ஆயத்தமாக இருக்கு என்று உம்மா சொன்னது இதைத்தான் போல என்றா. ஐந்து அறையுள்ள வீட்டில் உம்மா தனக்கென்று பார்த்து வைத்திருந்த இடம் அந்தக் குசினி மூலை.

தங்கச்சி குனிந்து அந்தத் தலையணையை எடுத்துக்கொண்டாள். பிறகு ஒவ்வொன்றாகச் சொன்னாள். வயசு, பழைய இழுப்பு வருத்தம், ஈரம், கிருமி, அது நெஞ்சுக்குள் எப்படி இறங்கும், இறங்கினால் என்ன நடக்கும். பிழையில்லாமல் சொன்னாள், ஒரு கேள்விக்கும் பதில் இல்லாமல் இல்லை. சொல்லி முடித்துவிட்டு என்னைப் பார்த்தாள்.

"எல்லாம் எனக்கு விளங்குது காக்கா. ஆனா ஏன்? சாவி கையில இரிக்கக்குள்ள ஏன் இதுல வந்து படுக்கல்ல?"

"நீ வந்து கூப்புடணும் எண்டு இருந்தவ."

"நான் ஃபோன்ல சொன்னனே."

"ஓம்" என்றேன். "சொன்ன."

அவள் எப்போதோ வேண்டாம் என்று எனக்கு விட்ட அந்த நாலாவது கேள்வி அது. நானும் அதை வருடக்கணக்காகக் கையில் வைத்துக்கொண்டு பிள்ளைகளுக்குப் படிப்பித்துச் சம்பளம் எடுத்தவன். கேட்கிறவள் என் தங்கச்சியாக இருக்கும்போது கொடுக்க ஒரு பதில் இல்லை. அவள் அந்தத் தலையணையை மடியில் வைத்துக்கொண்டு வெறுந்தரையில் இருந்தாள். திரும்பிப் போகும் வரைக்கும் தன் கட்டிலில் படுக்காமல் அந்தக் குசினிப் பாயில்தான் படுத்தாள். போகும்போது சாவியைப் பெரிய ராத்தாவிடம் கொடுத்தாள்.

அடுத்த வருடம் அந்த அத்தியாயம் திரும்பவும் வந்தது. நான் கரும்பலகையில் மரத்தை வரைந்தேன். அடிமரம் மெய்யியல் என்றும், கிளைகள் விஞ்ஞானங்கள் என்றும் புத்தகத்தில் இருந்தபடியே எழுதிப்போட்டேன். பிள்ளைகள் பார்த்து எழுதினார்கள். கேள்வி ஏதும் இருக்கிறதா என்று கேட்டேன், ஒருவரும் கேட்கவில்லை. கரும்பலகையை அழித்துவிட்டு மணி அடிக்கும் வரைக்கும் சன்னலடியில் நின்றேன்.